மிக்கொலாய்ச்சுக்: ஒரு பின்னொட்டின் திரைப்பயணம்

கிரேக்கத்தில் 'நிகே' என்றால் வெற்றி, 'லாவோஸ்' என்றால் மக்கள். இரண்டும் சேர்ந்து பிறந்த நிகொலாவோஸ் என்ற பெயர், தூய நிகோலாசின் புகழோடு ஸ்லாவிய நாடுகளுக்குள் நுழைந்தது. ரஷ்ய மொழியில் அது நிக்கொலாய். முதலெழுத்தான நகரம் அப்படியே நின்றது. உக்ரைனில் நகரம் மகரமாகி மிக்கொலா ஆயிற்று. ஹங்கேரியரின் மிக்லோஷிலும் இதே மாற்றம்தான். மிகைல் என்ற பெயரின் சாயல் படிந்ததால் வந்த மாற்றம் என்று ஒரு விளக்கம் உண்டு.

அந்தப் பெயரோடு '-ச்சுக்' சேர்ந்தால் மிக்கொலாய்ச்சுக். இந்தப் பின்னொட்டு முதலில் சிறுமையைக் குறித்தது. பிறகு 'இன்னாரின் பிள்ளை' என்ற பொருளில் குடும்பப் பெயராக உறைந்தது. உக்ரைனின் மேற்குப் பகுதிகளில், வொலீன் முதல் புக்கொவினா வரை, இது ஊருக்கு ஊர் கேட்கும். ஷெவ்சென்கோ, இல்யென்கோ என்று '-என்கோ'வில் முடியும் பெயர்களோ தினீப்பர் ஆற்றின் இருகரைகளிலும் மிகுதி.

இவான் மிக்கொலாய்ச்சுக் 1941-ல் புக்கொவினாவின் சொர்த்தோரியா கிராமத்தில் பிறந்தவர். கீவ் நாடகக் கல்லூரி மாணவராக இருந்தபோதே 'கனவு' படத்தில் கவிஞர் தாராஸ் ஷெவ்சென்கோவாக நடித்தார். அதே 1964-ல் செர்கேய் பராஜனோவ் இயக்கிய 'மறந்துபோன முன்னோரின் நிழல்கள்' படத்தின் நாயகனும் அவரே. அந்த நாயகனின் பெயர் இவான் பாலிய்ச்சுக்!

மிகைலோ கொட்சியுபின்ஸ்கி 1911-ல் எழுதிய மூலக்கதையில் நாயகனின் குலப்பெயரே பாலிய்ச்சுக். அதன் வேர், 'எரிப்பவன்' என்று பொருள்படும் 'பாலிய்' என்ற சொல். பாலியின் பிள்ளை பாலிய்ச்சுக். பின்னொட்டு பிள்ளையைப் பெற்றெடுப்பதை இதைவிடத் தெளிவாக எந்த இலக்கண நூலும் காட்டாது. அவன் காதலிக்கும் மரீச்கா, பகைக் குலமான ஹுத்தெனியுக் வீட்டுப் பெண். அங்கும் அதே '-உக்' ஓசை. நடிகர் சமவெளிக்காரர், பாத்திரம் கார்பாத்திய மலையின் ஹுத்சூல் இளைஞன். ஆனாலும் இருவரின் பெயரும் ஒரே மண்ணில் வார்த்தவை. மிக்கொலாய்ச்சுக் அந்தப் பாத்திரத்தில் அத்தனை இயல்பாகப் பொருந்தியதற்கு இந்த மண்வாசனையும் காரணம் என்றே நான் நம்புகிறேன்.

இயக்குநரின் பெயருக்கோ வேறு கதை. ஆர்மீனியக் குடும்பத்துப் பராஜன்யான்ட்ஸ், '-யான்ட்ஸ்' உதிர்ந்து ரஷ்ய '-ஓவ்' ஒட்டிப் பராஜனோவ் ஆனவர். தன் பெயரில் ரஷ்ய ஒட்டைச் சுமந்த அவர்தான், இந்தப் படத்துக்கு ரஷ்யக் குரல்பதிவு கூடாது என்று பிடிவாதமாக நின்றார். ஹுத்சூல் பேச்சு திரையில் அப்படியே ஒலித்தது. 1965 செப்டம்பர் 4 அன்று கீவின் 'உக்ரைனா' திரையரங்கில் படத்தின் திரையிடலின்போது விமர்சகர் இவான் ட்சியூபா எழுந்து, உக்ரைனிய அறிவாளிகள் கைது செய்யப்படுவதைப் பகிரங்கமாகக் கண்டித்தார்.

பிறகு மிக்கொலாய்ச்சுக் எழுத்திலும் இறங்கினார். இயக்குநர் யூரி இல்யென்கோவோடு சேர்ந்து அவர் எழுதிய 'கருப்புப் புள்ளியுள்ள வெள்ளைப் பறவை' 1971-ல் மாஸ்கோ திரைப்பட விழாவில் தங்கப் பரிசு பெற்றது. அதன் கதையும் புக்கொவினாவில்தான் நடக்கிறது. அதில் வரும் குடும்பத்தின் பெயர் ட்ஸ்வொனார், அதாவது மணியடிப்பவர். அடுத்த ஆண்டு அவர் நடித்த 'தொலைந்த கடிதம்' முடங்கிக் கிடந்தது. எழுபதுகளில் வாய்ப்புகள் சுருங்கின. 1979-ல் 'பாபிலோன் XX' படத்தை அவரே இயக்கி, ஃபாபியான் என்ற ஊர்த் தத்துவஞானியாகவும் நடித்தார். 1987 ஆகஸ்டில், 46 வயதில் மறைந்தார்.

ரஷ்ய எழுத்திலும் அவர் பெயர் நிக்கொலாய்ச்சுக் ஆகவில்லை. மகரத்தோடு, மிக்கொலாய்ச்சுக் என்றே நின்றது.