திருவையாறு தந்த டி. பி. ராஜலட்சுமி அம்மையார்

ஒரத்தநாட்டிற்கு முத்தாம்பாள்புரம் என்னும் பழம்பெயரும் உண்டு. தஞ்சையை ஆண்ட இரண்டாம் சரபோஜி மன்னர், முத்தாம்பாள் என்னும் பெண்மணியின் நினைவாக இங்கு எழுப்பிய சத்திரமே அப்பெயருக்குக் காரணம். கல்லும் சுண்ணமும் ஒரு பெண்ணின் பெயரை இருநூறு ஆண்டுகளாகக் காத்து வருகின்றன. இதே தஞ்சைத் தரணியில் பிறந்து, தமிழ்ப் பேசும்படத்தின் முதல் நாயகியாகவும் தென்னாட்டின் முதல் பெண் இயக்குநராகவும் விளங்கிய டி. பி. ராஜலட்சுமி அம்மையாருக்கு அத்தகைய பேறு வாய்க்கவில்லை. அவர் தம் உழைப்பைப் படச்சுருளில் பதித்தார், படச்சுருளோ அழிந்துபட்டது.

அம்மையார் 1911ஆம் ஆண்டு நவம்பர் 11ஆம் நாள் திருவையாற்றில் பிறந்தார். தந்தையார் பஞ்சாபகேச சாஸ்திரிகள், கிராமக் கணக்கர். அக்கால வழக்கப்படி விவரம் அறியா வயதிலேயே மகளுக்கு மணம் முடித்தார், அம்மணம் நிலைக்கவில்லை. தந்தையும் மறைந்தபின் தாயும் மகளும் திருச்சிக்குக் குடிபெயர்ந்தனர். வறுமை ஒருபுறமும் ஊர்ப்பேச்சு மறுபுறமும் நெருக்க, 11ஆம் வயதில் அவர் சாமண்ணாவின் நாடகக் குழுவில் சேர்ந்தார். இசை மணக்கும் ஊரில் பிறந்த பெண்ணின் இயல்பான குரல்வளமே அவருக்குக் கைம்முதலாயிற்று.

பெண் வேடங்களையும் ஆடவரே புனைந்த காலம் அது. கும்பகோணம் பாலாமணி அம்மையார் பெண்களை மட்டுமே கொண்ட நாடகக் குழுவை நடத்திப் புகழ் பெற்றிருந்தார் எனினும், குடும்பப் பெண் ஒருத்தி மேடையேறுவதைச் சமூகம் இழிவாகவே கருதியது. அவ்விழிவை எதிர்கொண்டு, கண்ணையா கம்பெனி உள்ளிட்ட குழுக்களில் நடித்து, எஸ். ஜி. கிட்டப்பா, எம். கே. தியாகராஜ பாகவதர் போன்றோருடன் மேடையேறும் நிலைக்கு உயர்ந்தார் ராஜலட்சுமி அம்மையார். விடுதலை வேட்கையூட்டும் பாடல்களையும் மேடையில் துணிவுடன் பாடினார்.

பேசாப்படங்கள் சிலவற்றில் நடித்த பின்னர், 1931இல் அம்மையாருக்குப் பெரும் வாய்ப்புக் கிட்டியது. அவ்வாண்டு மார்ச்சுத் திங்களில் இந்தியாவின் முதல் பேசும்படமான 'ஆலம் ஆரா'வை வெளியிட்ட பம்பாய் அர்தேஷிர் இரானி, எச். எம். ரெட்டியின் இயக்கத்தில் 'காளிதாஸ்' படத்தைத் தயாரித்தார். அம்மையாரே அதன் நாயகி. அவர் தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் மறுமொழி கூறினார். ஆயினும் அக்டோபர் 31ஆம் நாள் சென்னை கினிமா சென்ட்ரல் அரங்கில் படம் வெளியானபோது மக்கள் திரளாகக் கூடினர். திரையில் தமிழ் ஒலிப்பதைக் கேட்கும் ஆவலே அவர்களை அங்கு ஈர்த்தது. தமிழ்த் திரையில் முதன்முதலாக ஒலித்த நாயகியின் குரல், திருவையாற்றுப் பெண்ணின் குரல் என்பது தஞ்சை மண்ணுக்குப் பெருமை.

கல்கத்தாவில் எடுக்கப்பட்ட 'வள்ளி திருமணம்' 1933இல் வெளிவந்து அம்மையாரின் புகழை மேலும் வளர்த்தது. 'சினிமா ராணி' என மக்கள் அவரைக் கொண்டாடினர். அப்படத்தில் உடன் நடித்த டி. வி. சுந்தரத்தை அவர் மணந்தார்.

அம்மையாரை 'முதல் நாயகி' என்று மட்டும் குறிப்பிட்டு அமைவது வரலாற்றுக்கு நீதி செய்வதாகாது. பிறர் எழுதியதைப் பேசியவர் மட்டுமல்லர் அவர், எழுதவும் வல்லவர். 'கமலவல்லி' என்னும் தம் புதினத்தை, தம் சொந்த நிறுவனத்தின் வாயிலாக 1936இல் 'மிஸ் கமலா' என்னும் படமாக்கினார். கதை, இயக்கம், தயாரிப்பு, நடிப்பு ஆகிய நான்கு பொறுப்புகளையும் ஒரு பெண்ணே ஏற்றார். புராணக் கதைகளே திரையை நிறைத்திருந்த காலத்தில் சமூகக் கதை ஒன்றைத் தேர்ந்தது அவர்தம் துணிவைக் காட்டும். 1926இல் பம்பாயில் பாத்மா பேகம் படம் இயக்கியிருந்தார் எனினும், தென்னாட்டில் அம்மையாருக்கு முன்னோடியாக எந்தப் பெண்ணும் இலர்.

அடுத்து 'மதுரை வீரன்' கதையையும் அவர் இயக்கினார். நாட்டுப்பற்றை மையமாகக் கொண்ட 'இந்தியத் தாய்' தணிக்கையின் தடைகளுக்கு உள்ளாகிப் பெரும் பொருளிழப்பைத் தந்தது. ஈட்டிய செல்வம் கரைந்தது, வாய்ப்புகளும் அருகின. 1964இல் அவர் மறைந்தார்.

'காளிதாஸ்' படத்தின் பிரதி இன்று கிடைக்கவில்லை. 'மிஸ் கமலா'வும் அவ்வாறே. முதல் நாயகியின் முதல் தமிழ்க் குரலை இனி எவரும் கேட்டல் இயலாது. அக்கால இதழ்ச் செய்திகளும், விளம்பரங்களும், நிழற்படங்கள் சிலவுமே எஞ்சியுள்ளன. காட்சி அழிந்த இடத்தில் எழுத்தே சான்றாக நிற்கிறது. எழுத்தை ஓம்பும் இலக்கிய அமைப்புகளுக்கு இதனால் ஒரு கடமை உண்டு. நடிகையர் வரிசையில் மட்டும் வைத்துப் போற்றப்படும் இவ்வம்மையாரைத் தமிழ்ப் பெண் எழுத்தாளர் வரிசையிலும் சேர்த்து எண்ணுவதே அக்கடமை. முத்தாம்பாளின் பெயரைக் காக்க ஒரு மன்னர் இருந்தார்; ராஜலட்சுமி அம்மையாரின் பெயரைக் காக்கத் தமிழ் கற்றோரே உளர்.