நீலிக்கண்ணீரும் சினிமா ஆணியும்

பொய்யாக அழுபவரைப் பார்த்து "நீலிக்கண்ணீர் வடிக்காதே" என்கிறோம். யார் இந்த நீலி? அவள் ஏன் அழுதாள்? அந்தக் கண்ணீர் உண்மையிலேயே பொய்யானதுதானா? கன்னியாகுமரி மாவட்டத்தில், அதிலும் குறிப்பாக நாஞ்சில் நாட்டில், இந்தக் கேள்விகளை யாரிடமாவது கேட்டால் பதில் சொல்ல ஓர் இரவு முழுவதும் தேவைப்படும். அம்மன் கோயில் கொடைகளில் வில்லுப்பாட்டாக விடிய விடியப் பாடப்படும் கதை அது. அந்தக் கதைதான் மலையாள சினிமாவுக்குப் போய் யட்சிப் படங்களாகவும் ஆனது. ஆனால் கோயிலில் பாடப்பட்ட நீலியும் திரையில் வந்த நீலியும் ஒருத்தியே அல்ல. இரண்டுக்கும் நடுவே என்ன நடந்தது என்பதுதான் இந்தக் கட்டுரை.

வில்லுப்பாட்டில் நீலி

பாடுகிற குழுவுக்குக் குழு பெயர்களும் சில சம்பவங்களும் மாறும். கதையின் எலும்புக்கூடு மட்டும் மாறுவதில்லை.

கோயில் பூசாரி ஒருவன் ஒரு தாசியின் மகள் மேல் மையல் கொண்டு, கையில் இருந்ததையெல்லாம் அவள் வீட்டில் கொட்டுகிறான். பணம் தீர்ந்ததும் தாய்க்காரி அவனை விரட்டிவிடுகிறாள். மகளுக்கு அவன் மேல் உண்மையான அன்பு. நகைகளை எடுத்துக்கொண்டு அவன் பின்னால் போகிறாள். கள்ளிகள் அடர்ந்த காட்டில் அவன் மடியில் தலைவைத்துத் தூங்குகிறாள். அவன் அவள் தலையில் கல்லைப் போட்டுக் கொன்றுவிட்டு நகைகளோடு கிளம்புகிறான். தங்கையைத் தேடி வந்த அண்ணன் பிணத்தைப் பார்த்து அங்கேயே உயிரை விடுகிறான். பூசாரியும் பாம்பு கடித்துச் சாகிறான்.

அடுத்த பிறவியில் அண்ணனும் தங்கையும் சோழ அரசனின் இரட்டைப் பிள்ளைகள். கொலைகாரன் ஒரு வணிகன். காட்டுவழியே வரும் அவனை நீலி அழகிய பெண்ணாகத் தொடர்கிறாள். கள்ளிக்கொம்பை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொள்கிறாள். "இவர் என் புருஷன், என்னைக் கைவிட்டுப் போகிறார்" என்று ஊர்ச்சபையில் அழுகிறாள். கள்ளிக்குழந்தையும் அவனைப் பார்த்து "அப்பா" என்கிறது. சபையார் அவளை நம்பி இருவரையும் ஓர் அறையில் தங்கவைக்கிறார்கள். விடியும்போது வணிகன் பிணமாகக் கிடக்கிறான்.

பழமொழி நினைவில் வைத்திருப்பது ஊர்ச்சபையில் அவள் விட்ட கண்ணீரை மட்டும்தான். வில்லுப்பாட்டு கள்ளிக்காட்டில் விழுந்த கல்லிலிருந்து தொடங்குகிறது. முதல் பாதி தெரிந்தவர்களுக்கு அவள் வஞ்சகி அல்ல, பாக்கியை வசூலிக்க வந்தவள்!

அதனால்தான் அவளை யாரும் விரட்டவில்லை. இசக்கியாகக் கும்பிட்டார்கள். ஆரல்வாய்மொழி அருகே உள்ள முப்பந்தல் இசக்கியம்மன் கோயிலின் கதையாகச் சொல்லப்படுவதும் இதுதான். பிள்ளை வரம் வேண்டுபவர்கள் இசக்கிக்குத் தொட்டில் கட்டுகிறார்கள், குழந்தையைத் தாங்கிய மண் உருவங்களை நேர்கிறார்கள். கொலைசெய்யப்பட்ட பெண் பிள்ளைகளைக் காக்கும் தாயாகிவிட்டாள்.

நீலியின் வயது

நாஞ்சில் நாட்டில் மட்டும் உள்ள கதை என்று நினைத்துவிட வேண்டாம். தமிழகத்தின் வடகோடியில், திருவாலங்காட்டை அடுத்த பழையனூரிலும் நீலி கதை உண்டு. அங்கே, அவளை நம்பி வாக்குக் கொடுத்த எழுபது வேளாளர்கள் வணிகன் இறந்ததும் தீயில் இறங்கினார்கள் என்று கதை முடிகிறது. ஏழாம் நூற்றாண்டைச் சேர்ந்த திருஞானசம்பந்தரின் திருவாலங்காட்டுப் பதிகத்திலேயே இந்த வஞ்சனை பற்றிய குறிப்பு இருக்கிறது.

சமணர்களும் அவளை விட்டுவைக்கவில்லை. ஐஞ்சிறுகாப்பியங்களில் ஒன்றான நீலகேசியின் நாயகி பழையனூர்ப் பேய்தான். முனிவர் ஒருவரைப் பயமுறுத்தப் போய், அவரிடம் அறம் கேட்டு மனம் மாறி, ஊர் ஊராகப் பிற சமயத்தாரை வாதில் வெல்கிறாள். இசக்கி என்ற சொல்லே சமணத்தின் இயக்கியிலிருந்து வந்தது என்பது நாட்டாரியல் ஆய்வாளர்கள் பலரின் கருத்து. கன்னியாகுமரி மாவட்டத்துச் சிதறால் மலையில் குழந்தைகளோடு நிற்கும் அம்பிகா இயக்கியின் சிற்பத்தைப் பார்த்தவர்களுக்கு இது வியப்பாக இருக்காது.

ஒரே பேய், ஒவ்வொரு காலத்திலும் ஒவ்வொரு வேடம். ஆனால் அவளைக் கட்டிப்போடும் யோசனை இதுவரை யாருக்கும் வரவில்லை என்பதைக் கவனியுங்கள்.

ஆணி வந்த வழி

1956 நவம்பர் 1 வரை நாஞ்சில் நாடு திருவிதாங்கூரோடு இருந்தது. நாகர்கோவிலை ஒட்டிய கள்ளியங்காடும் பஞ்சவன்காடும் திருவனந்தபுரத்துக்காரர்களுக்கு அந்நிய ஊர்கள் அல்ல, தெற்கே போகும் வழியில் இருந்த பயங்கரமான காடுகள். சி.வி. ராமன் பிள்ளையின் "மார்த்தாண்டவர்மா" நாவல் (1891) தொடங்குவதே பஞ்சவன்காட்டில்தான். அந்த நாவலை 1933இல் மௌனப் படமாகத் தயாரித்தவர் நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ். முதல் மலையாளப் படமான "விகதகுமார"னை எடுத்த ஜே.சி. டேனியலும் அகஸ்தீஸ்வரத்துக்காரர். ஆக, மலையாள சினிமாவின் தொடக்கத்திலேயே கன்னியாகுமரி மண் ஒட்டியிருக்கிறது.

நீலியின் தலைவிதியை மாற்றியது வேறொரு புத்தகம். கொட்டாரத்தில் சங்குண்ணி தொகுத்த "ஐதிஹ்யமாலை" 1909 முதல் நூலாக வெளிவந்தது. அதில் கடமற்றத்துக் கத்தனார் என்ற மந்திரவாதப் பாதிரியாரின் கதை இருக்கிறது. பத்மநாபபுரம் போகும் காட்டுவழியில் ஒரு யட்சி, வெற்றிலைக்குச் சுண்ணாம்பு கேட்டு வழிப்போக்கர்களை மயக்கிக் கொல்கிறாள். கத்தனார் அவள் தலையில் ஆணி அறைந்து வேலைக்காரியாக்கிக் கூட்டிப்போகிறார். தலைவாரும்போது ஒரு மூதாட்டி ஆணியைக் கண்டு பிடுங்க, யட்சி தப்பிப் பனையன்னார்காவில் குடியேறுகிறாள். நாளடைவில் இந்த யட்சியும் கள்ளியங்காட்டு நீலியும் ஒருத்தியாகிவிட்டார்கள்.

இந்த ஆணி நம்மூரில் மட்டும் இல்லை. மலாய் நாட்டில் பிரசவத்தில் இறந்த பெண் பொந்தியானாக் ஆகிறாள். கழுத்தின் பின்புறம் ஆணி அறைந்தால் அவள் சாதுவான மனைவியாகிவிடுவாள் என்று நம்பினார்கள். சிங்கப்பூரில் 1957இல் அவளைத் திரைக்குக் கொண்டுவந்து பெரும் வெற்றி பெற்ற இயக்குநர் பி.என். ராவ் இந்தியாவிலிருந்து போனவர் என்பது சுவாரஸ்யமான தகவல்! கம்போடியாவில் இரவில் தலையும் குடலுமாகப் பறக்கும் "ஆப்" என்ற பேயும் பெண்தான், அவளும் பல படங்களில் வந்துவிட்டாள். பயம் எந்த ஊரிலும் பெண் உருவத்தில்தான் வருகிறது.

திரையில்

கத்தனார் கதை 1966இலும் 1984இலும் "கடமற்றத்தச்சன்" என்ற பெயரில் படமானது. 2004இல் தொலைக்காட்சித் தொடராகி வீட்டுக்கு வீடு போனது. இடையில் 1979இல் எம். கிருஷ்ணன் நாயர் இயக்கத்தில் "கள்ளியங்காட்டு நீலி" என்றே ஒரு படம் வந்தது. வெள்ளைச் சேலை, விரித்த கூந்தல், பாலைமரம், சுண்ணாம்பு... மக்கள் மனதில் பதிந்த யட்சி இதுதான். கத்தனார் கதையில் ஆணி வைத்திருப்பவனே நாயகன். அவள் ஏன் காட்டில் நிற்கிறாள் என்று அங்கே யாரும் கேட்பதில்லை. வில்லுப்பாட்டின் முதல் பாதி காணாமல் போய்விட்டது.

விதிவிலக்குகளும் உண்டு. கே.எஸ். சேதுமாதவனின் "யட்சி" (1968), மலையாற்றூர் ராமகிருஷ்ணனின் நாவலிலிருந்து உருவானது. விபத்தில் முகம் சிதைந்த பேராசிரியர் தன் அழகான மனைவியை யட்சி என்று சந்தேகிக்கிறார். பேய் இருக்கும் இடம் அவருடைய மனம்தான்.

பாசிலின் "மணிச்சித்ரதாழ்" (1993) இன்னும் முக்கியமானது. அதன் சில காட்சிகள் பத்மநாபபுரம் அரண்மனையிலேயே எடுக்கப்பட்டவை. தஞ்சாவூரிலிருந்து கொண்டுவரப்பட்டுக் கொலைசெய்யப்பட்ட நடனக்காரி நாகவல்லி அதில் தமிழ் பேசுகிறாள். இதே கதை "சந்திரமுகி"யாக (2005) தமிழுக்கு வந்தபோது பேய் தெலுங்கு பேசியது. "பூல் புலையா"வாக (2007) இந்திக்குப் போனபோது வங்காளம் பேசியது. பேய் எப்போதும் பக்கத்து ஊர்க்காரி!

அந்தப் படத்தின் தீர்வைப் பாருங்கள். யாரும் ஆணி அறைவதில்லை. கொலைகாரனின் உருவப் பொம்மையை அவளே வெட்டட்டும் என்று விடுகிறார்கள். பழி தீர்ந்ததும் அமைதியாகிறாள். வில்லுப்பாட்டு கொடைக்குக் கொடை செய்வதும் இதையேதான். கொலையைப் பாடி, பழியைப் பாடி, சாமியாடியின் மேல் அவளை வரவழைத்து, படையல் போட்டு அமர்த்துகிறது.

2025 ஆகஸ்டில் டொமினிக் அருண் இயக்கிய "லோகா" வந்தது. சூப்பர் ஹீரோ படம்தான். ஆனால் நாயகி சந்திரா வேறு யாருமல்ல, கள்ளியங்காட்டு நீலி. இதில் அவள் மன்னனின் ஆட்களால் சொந்த மக்களை இழந்த பழங்குடிச் சிறுமி. கத்தனாரும் வருகிறார், ஆனால் ஆணி அறைய அல்ல, வழிகாட்ட. அதுவரை வந்த மலையாளப் படங்களிலேயே அதிகம் வசூலித்த படமாக அது ஆனது.

வில்லுப்பாட்டின் தாசிமகளும் லோகாவின் பழங்குடிச் சிறுமியும் ஒருத்தியல்ல, கதை முழுக்க மாறிவிட்டது. ஆனால் "அவளுக்கு முதலில் என்ன செய்தார்கள்?" என்ற கேள்வி திரும்பி வந்திருக்கிறது. சினிமா நூறாண்டுக்குப் பக்கத்தில் சுற்றி வந்து அடைந்த இடத்தில், வில்லும் குடமும் உடுக்கையும் வைத்துக்கொண்டு ஒரு கலைஞர் கூட்டம் ஏற்கெனவே உட்கார்ந்து பாடிக்கொண்டிருக்கிறது. அவர்களுக்குக் கிடைக்கும் மேடைகள்தான் குறைந்துகொண்டே வருகின்றன. அந்தப் பாட்டும் நின்றுபோனால் நீலியைப் பற்றி நம்மிடம் மிஞ்சப்போவது ஒரு பழமொழி மட்டும்தான். அதிலும் அவள் பொய்யழுகைக்காரி.