மருமக்கள்வழியும் கவிமணியும்

கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையைக் குழந்தைப் பாடல்களின் ஆசிரியராகவும் உமர்கய்யாமைத் தமிழில் தந்தவராகவுமே அறிந்திருக்கும் இக்காலத்தாருக்கு, அவர் பிறந்த நாஞ்சில் நாட்டின் சமூக சரித்திரத்தில் அவருடைய எழுதுகோலுக்கு இருந்த பங்கு அவ்வளவாகத் தெரிவதில்லை. 1876இல் தேரூரில் பிறந்து, திருவிதாங்கூர் ராஜ்யத்தின் வழக்கப்படி பள்ளியில் மலையாளம் பயின்று, தமிழைச் சாந்தலிங்கத் தம்பிரானிடம் கற்று, நெடுங்காலம் உபாத்தியாயராக இருந்து 1931இல் ஓய்வு பெற்றவர் அவர்.

அந்நாளில் நாஞ்சில் வேளாளரிடையே மருமக்கள்வழித் தாயம் நிலவியது. குடும்பச் சொத்தைக் காரணவர் என்னும் குடும்பத்தின் மூத்த ஆண் ஆள்வார்; அவருக்குப் பின் அது அவருடைய சகோதரியின் மக்களைச் சேரும்; பெற்ற பிள்ளைக்கும் மனைவிக்கும் 'உகந்துடைமை' என்று ஒரு சிறு பங்கு கிடைத்தாலே பெரிது. அதற்கும் கோர்ட்டுப் படி ஏறவேண்டும். வழக்கு முடிவதற்குள் வயல் போய்விடும். இந்த அவலத்தை, ஒரு காரணவருக்கு ஐந்தாம் மனைவியாக வாழ்க்கைப்பட்டவள் தன் வாயாலேயே சொல்லிப் புலம்புவதாக அமைத்து, நகையும் கண்ணீரும் ஒருங்கே கலந்து, நாஞ்சில் நாட்டார் பேச்சின் நயம் சிறிதும் கெடாமல், 'நாஞ்சில்நாட்டு மருமக்கள்வழி மான்மியம்' என்னும் நூலாக அவர் பாடினார். 1917, 1918ஆம் ஆண்டுகளில் அது 'தமிழன்' பத்திரிகையில் தொடர்ந்து வெளிவந்தது. ஸ்தல புராணத்துக்குரிய மான்மியம் என்னும் பெயரைக் குடும்பச் சண்டைக்குச் சூட்டிய குறும்பு ஒன்றே போதும், அவர் உள்ளத்தைக் காட்ட! 1926இல் நாஞ்சில் வேளாளர் சட்டம் வந்து பெற்ற மக்களுக்கு உரிமை கிடைத்தது. ஒரு நூலால் சட்டம் பிறந்தது என்பது மிகை. ஆயினும் வக்கீல்களின் வாதங்கள் எட்டாத அடுக்களைகளுக்கும் திண்ணைகளுக்கும் அந்த நியாயத்தைக் கொண்டு சென்றது இந்நூலே என்பதில் எனக்கு ஐயமில்லை.

சாசன ஆராய்ச்சியிலும் அவர் வல்லவர். காந்தளூர்ச் சாலையில் ராஜராஜன் கடற்போர் நிகழ்த்தினான் என்று அறிஞர் பலர் கொண்டிருந்த காலத்தில், அந்தச் சாலையைக் குறிக்கும் சாசனத் தொடர் அன்னசாலையைப் பற்றிய செய்தியே என்று கல்வெட்டுகளை ஆதாரமாகக் காட்டி வாதிட்டார். 1938இல் 'மலரும் மாலையும்' வெளிவந்தது. எட்வின் ஆர்னால்டின் புத்த சரிதத்தைத் தழுவிய 'ஆசிய ஜோதி'யும், பிட்ஸ்ஜெரால்டின் ஆங்கிலத்தை ஒட்டிய உமர்கய்யாம் பாடல்களும் பின்னர் வந்து அவர் புகழை எங்கும் பரப்பின. அவை இனியவை, தெளிந்தவை. ஆயினும் அந்த ஜோதிக்குத் திரி வேறொருவர் இட்டது. மான்மியமோ முழுதும் அவருடையது.

1954இல் அவர் மறைந்தார். இரண்டு ஆண்டுகளுக்குப் பின் அவருடைய நாஞ்சில் நாடு தமிழ்நாட்டோடு இணைந்தது. கவிமணியைப் படிக்கப் புகும் இளைஞர்கள் மான்மியத்திலிருந்தே தொடங்குவார்களாக.