பென்ஷனை விட்டுவிட்டு வந்த மனிதர்

தீபாவளி விடுமுறைக்கு வந்திருந்த பேரன் கைப்பேசியில் 'மைக்கேல் மதன காமராஜன்' பார்த்துக்கொண்டிருந்தான். கல்யாண வீட்டு சாம்பாரில் மீன் விழும் இடம் வந்ததும் விழுந்து விழுந்து சிரித்தான். பிறகு, "தாத்தா, இந்த சமையல்காரத் தாத்தா வேற எந்தப் படத்துல எல்லாம் வர்றார்?" என்று கேட்டான். எனக்குத் தெரிந்ததையெல்லாம் வரிசையாகச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இவ்ளோ படம் நடிச்சும் ஹீரோ ஆகலையா?" என்றான். அவனுக்கு அப்போது ஒழுங்காகப் பதில் சொல்ல முடியவில்லை. இப்போது உட்கார்ந்து எழுதுகிறேன்.

டெல்லி கணேஷ் 1944 ஆகஸ்ட் 1-ஆம் தேதி அன்றைய திருநெல்வேலிச் சீமையிலுள்ள வல்லநாட்டில் பிறந்தவர். 1964-ல் இந்திய விமானப்படையில் சேர்ந்தார். டெல்லியில் இருந்தபோது தட்சிண பாரத நாடக சபா என்ற தமிழ் நாடகக் குழுவில் நடிக்கத் தொடங்கினார். 1974-ல் விமானப்படை வேலையை விட்டுவிட்டார்.

இந்த இடத்தில் என்னைப் போன்ற ஆபீஸ்காரன் சற்று நின்றுதான் மேலே படிப்பான். ஆயுள் முழுவதும் சர்வீஸ் ரெஜிஸ்டர்களைப் புரட்டிய கை இது. படைவீரருக்கு ஓய்வூதியம் கிடைக்க 15 ஆண்டு சேவை வேண்டும். இவர் வெளியே வந்தது 10 ஆண்டில். இன்னும் 5 ஆண்டு பல்லைக் கடித்துக்கொண்டு இருந்திருந்தால் சாகும்வரை மாதாமாதம் பணம் வந்திருக்கும். அதை விட்டுவிட்டு, நாளைக்கு வேஷம் உண்டா இல்லையா என்று தெரியாத தொழிலுக்கு 30 வயதில் வந்தார்.

சென்னையில் காத்தாடி ராமமூர்த்தியின் குழுவில் நாடகங்கள் நடித்தார். விசுவின் நாடகமான 'பட்டினப் பிரவேசம்' கே. பாலசந்தர் கையில் படமாகி 1977-ல் வெளிவந்தது. அதுதான் கணேஷுக்கு முதல் படம். பெயருக்கு முன்னால் 'டெல்லி'யைச் சேர்த்தவரும் பாலசந்தர்தான்.

அடுத்து வந்ததைப் பாருங்கள். 1979-ல் துரை இயக்கிய 'பசி'. அதில் ரிக்‌ஷா இழுப்பவர், ஷோபாவின் தகப்பனார். அந்தப் படத்துக்காக ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்தது. கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 1985-ல் 'சிந்து பைரவி'. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்து, பாகவதரிடம் அவமானப்படும் மிருதங்க வித்வான் குருமூர்த்தி. 1987-ல் 'நாயகன்'. இந்தி தெரியாத வேலு நாயக்கருக்கு மொழிபெயர்த்துச் சொல்லும் ஐயர். அந்தப் படத்தை வாணியம்பாடிக்கு பஸ் ஏறிப் போய்ப் பார்த்தேன். போலீஸ் அவரை அடிக்கிற காட்சியில் என் பக்கத்து சீட்டிலிருந்த பெரியவர் "ஐயோ, ஐயரை விட்ருங்கடா" என்று வாய்விட்டே சொன்னார்.

இரண்டே வருடம் கழித்து 'அபூர்வ சகோதரர்கள்' வந்தது. அதே கமல்ஹாசன் படம்தான். ஆனால் இதில் கணேஷ் நான்கு வில்லன்களில் ஒருவர், பிரான்சிஸ் அன்பரசு. 1990-ல்தான் என் பேரன் சிரித்த பாலக்காட்டு மணி ஐயர். பிறகு 'அவ்வை சண்முகி', 'தெனாலி' என்று 400 படங்களுக்கு மேல். தொலைக்காட்சி வந்தபோதும் முகம் சுளிக்கவில்லை. 'கஸ்தூரி', 'செல்லமே' என்று தொடர்களிலும் நடித்தார். பிற்காலத்தில் புதுப் பையன்கள் எடுத்த குறும்படங்களுக்கும் போனார். கதாநாயகனாகவும் ஒரு படம் உண்டு, 1981-ல் வந்த 'எங்கம்மா மகாராணி'. பேரனிடம் அதைச் சொல்ல மறந்துவிட்டேன்.

புதுச்சேரியில் நான் பிரெஞ்சு வழியில் படித்தவன் என்பது இந்தப் பக்கத்தை வாசிப்பவர்களுக்குத் தெரியும். எங்கள் பள்ளிக்கூடத்தில் ஒருநாள் வெள்ளைத் துணி கட்டி 'தோன் கமில்லோ' படம் போட்டார்கள். குறும்புக்காரப் பாதிரியாராக பெர்னாந்தெல், அவரோடு சதா மல்லுக்கு நிற்கும் கம்யூனிஸ்ட் மேயராக இத்தாலிய நடிகர் ஜீனோ செர்வி. பையன்களுக்கெல்லாம் பெர்னாந்தெலைத்தான் பிடித்தது. வாத்தியார் மட்டும், "எதிரில் மேயர் அப்படி நிற்காவிட்டால் பாதிரியார் யாரிடம் சண்டை போடுவார்?" என்று கேட்டார். அந்த செர்வியே 1964 முதல் இத்தாலியத் தொலைக்காட்சியில் துப்பறியும் மெக்ரேயாக வந்து அந்த நாட்டு வீடுகளிலெல்லாம் சொந்தக்காரர் ஆனார். அவர் காலமானது 1974-ல். நம் ஆள் சீருடையைக் கழற்றிய அதே வருடம்.

வாத்தியாரின் கேள்வி எனக்கு ஆபீசில் தினமும் ஞாபகம் வரும். ஃபைலில் குறிப்பு எழுதுவது குமாஸ்தா, கையெழுத்துப் போடுவது அதிகாரி. உத்தரவு அவர் பெயரில் போகும். ஆனால் குறிப்பு தப்பானால் உத்தரவும் தப்பாகும். டெல்லி கணேஷ் 40 ஆண்டுகளுக்கு மேல் செய்த வேலை அந்தக் குறிப்பு எழுதுகிற வேலைதான். குருமூர்த்தி குடித்துவிட்டு வந்து நிற்காமல் பாகவதரின் கர்வம் நமக்குத் தெரியாது. மணி ஐயரின் பதைபதைப்பு இல்லாமல் காமேஸ்வரனின் சாதுத்தனத்துக்குச் சிரிப்பு வராது.

ஆனால் அவருக்கும் எனக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. இதுவரை வீட்டில்கூட நான் சொல்லாதது. இளமையில் நானும் வேஷம் கட்டியவன். ஒரு குழுவினர் சென்னையில் ஒரு மாதம் நாடகம் போட என்னையும் கூப்பிட்டார்கள். "லீவு கிடைக்கவில்லை" என்று சொல்லிவிட்டேன். எல்லோரும் ஆபீசைத் திட்டினார்கள். உண்மையில் நான் லீவுக்கு எழுதிக் கொடுக்கவே இல்லை. மேடையில் சின்ன வேஷம்தானே கிடைக்கும், அதற்காக நிரந்தர வேலையில் கறை படிய வேண்டுமா என்று கணக்குப் போட்டேன். சின்ன வேஷத்துக்காகவே ஒருவர் வேலையையே விட்டுவிட்டு வந்திருக்கிறார் என்பது பிற்பாடுதான் தெரிந்தது.

என் கணக்கு தப்பு என்று சொல்லமாட்டேன். அந்தப் பென்ஷனில்தான் இந்த ஆலங்காயத்தில் மலையைப் பார்த்தபடி காப்பி குடிக்கிறேன். பிள்ளைகள் படித்ததும் அந்தச் சம்பளத்தில்தான். ஆனாலும் அவர் படம் எதைப் பார்த்தாலும் அந்த எழுதாத லீவு விண்ணப்பம் கண்முன் வரும்.

2024 நவம்பரில், 80 வயதில் சென்னையில் அவர் காலமானார். விமானப்படையினர் வந்து உடல்மீது கொடி போர்த்தி மரியாதை செய்ததை டிவியில் பார்த்தேன். 50 வருடத்துக்கு முன் விட்டுவிட்டு வந்த இடம் அவரை மறக்கவில்லை.

பேரனுக்கு இந்தப் பதிவை அனுப்பப் போகிறேன். கூடவே 'பசி' படத்தையும் பார்க்கச் சொல்வேன். அதில் சிரிக்க ஒன்றும் இருக்காது. ஆனால் அந்த ரிக்‌ஷாக்காரரும் இந்த சமையல்காரத் தாத்தாவும் ஒரே ஆள்தானா என்று அவன் மறுபடியும் எனக்குப் போன் செய்வான் என்று நினைக்கிறேன்.