காமிரா பறிக்கப்பட்டவர்களின் வரலாறு

வரலாறு என்றால் ஆவணம். ஆவணம் என்றால் பெரும்பாலும் அரசு கையில் இருப்பது. சரி, படம் எடுக்கவே விடாமல் தடுக்கப்பட்டவர்களுக்கு வரலாறு கிடையாதா? ரீ தஜிரியின் 32 நிமிட வீடியோப் படமான 'வரலாறும் நினைவும்' (1991) இந்தக் கேள்வியைத்தான் கையில் எடுக்கிறது என்பது என் வாசிப்பு.

1942 பிப்ரவரி 19இல் ரூஸ்வெல்ட் 9066ஆம் நிர்வாக ஆணையில் கையெழுத்திட்டார். ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேர் முகாம்களில் அடைக்கப்பட்டனர். மூன்றில் இரண்டு பங்கினர் அமெரிக்கக் குடிமக்கள். குற்றச்சாட்டு, விசாரணை ஒன்றும் கிடையாது. அவர்களுடைய காமிராக்கள் தடைசெய்யப்பட்ட பொருளாயின. ஆனால் அரசு தன் புகைப்படக்காரர்களை அனுப்பியது. முள்வேலியும் காவல் கோபுரமும் படத்தில் வரக்கூடாது என்று டோரதியா லாங்கேவுக்குச் சொல்லப்பட்டது. ஆக, இங்கே இன்மை தானா நேர்ந்ததில்லை. உற்பத்தி செய்யப்பட்டது.

தஜிரியின் அம்மா அரிசோனாவின் போஸ்டன் முகாமில் இருந்தவர். கேட்டால் ஞாபகமில்லை என்கிறார். எங்கிருந்து வந்ததென்றே தெரியாமல் மகளிடம் இருப்பது ஒரே பிம்பம்: பாலைவனத்தில் அம்மா குழாயில் தண்ணீர் பிடிக்கிறார். தஜிரி தானே அம்மாவாக நடித்து அதைப் படமாக்குகிறார். இது பொய்தானே என்று கேட்கலாம். ஜான் ஃபோர்டு 1943இல் எடுத்த பேர்ல் துறைமுகப் படத்திலும் தாக்குதல் காட்சிகள் பல நடிக்கவைத்து எடுக்கப்பட்டவைதான். அவை ஆவணம் என்று உலாவின. தஜிரியின் காட்சியோ தான் புனையப்பட்டது என்பதை மறைப்பதில்லை. வித்தியாசம் அங்கேதான்.

அம்மா பத்திரப்படுத்திய சின்ன மரப்பறவை ஒன்றும் படத்தில் வருகிறது. பிறகு தேசிய ஆவணக் காப்பகத்தில் பாட்டியின் புகைப்படம் கிடைக்கிறது: முகாமில், பறவை செதுக்கும் வகுப்பில் இருக்கிறார். சிறைவைத்தவன் எடுத்த படம் அது. அதில் கைவேலை தெரிகிறது. எதற்காக அங்கே இருந்தார் என்பது தெரியாது. அதைப் படத்துக்குள் கொண்டுவருவது அம்மாவின் மௌனம்தான்.

1988இல் அமெரிக்க அரசு சட்டப்படி மன்னிப்புக் கேட்டது. உயிரோடிருந்தவர்களுக்குத் தலைக்கு 20,000 டாலர் இழப்பீடு தந்தது. மறந்துபோனதற்கு என்ன கணக்கு?

'ஆதாரம் எங்கே?' என்று அதிகாரம் கேட்பதில் ஆச்சரியமில்லை. வாக்குமூலம் திரட்டப் போகிற நாமும் அதையேதான் கேட்கிறோம். பேசாதவரைப் பட்டியலிலிருந்து விட்டுவிடுகிறோம். ஞாபகமில்லை என்று சொல்கிறவரையும் சாட்சியாக எழுதிக்கொள்ள வேண்டும் என்பதே இந்தப் படத்திடமிருந்து நான் எடுத்துக்கொள்வது.