படைக்கலம் துறந்தோரின் சாட்சியங்கள்

தாவீது உரியாவைக் கொல்வித்த செய்தி சாமுவேலின் இரண்டாம் நூலில் உண்டு. அதே ரப்பா முற்றுகையை எழுதும் 1 நாளாகமம் 20-ஆம் அதிகாரத்தில் அது இல்லை. அரசனின் பெருமைக்குப் பொருந்தாததை நாளாகம ஆசிரியர் விட்டுவிட்டார்.

ஈழப் போராட்ட இயக்கங்களின் ஏடுகளும் இம்முறையிலேயே எழுதின. சாமுவேலின் முறையில் எழுதியோர் பெரும்பாலும் இயக்கங்களை விட்டு விலகியோரே. கோவிந்தன் என்னும் பெயரில் 1985-இல் வெளிவந்த 'புதியதோர் உலகம்' நாவல், புளொட் இயக்கம் தன் உறுப்பினரையே வதைத்ததைக் கூறியது. அவ்வியக்கத்தின் முகாம்கள் இருந்தது நம் தஞ்சை மாவட்டத்து ஒரத்தநாட்டுப் பகுதியில். 1983-க்குப் பின் அகதிகளுக்கு உணவும் உடையும் அளித்ததைச் சொல்லும், நான் கண்ட சபை வரலாறுகள் அம்முகாம்களைப்பற்றி வாய் திறப்பதில்லை. நாமும் நாளாகம ஆசிரியரின் மாணவரே!

தமிழ் இளைஞர் பேரவையின் தொடக்கத்தில் நின்ற சி. புஷ்பராஜா, 2003-இல் தம் நூலுக்கு 'ஈழப் போராட்டத்தில் எனது சாட்சியம்' என்றே பெயரிட்டார். விடுதலைப் புலிகளின் தொடக்ககால உறுப்பினரான கணேசன் (ஐயர்) எழுதிய 'எனது பதிவுகள்' இன்னும் உள்ளே செல்கிறது. எழுபதுகளில், குழு மிகச் சிறிதாயிருந்தபோதே, தோழரைத் தோழர் கொல்வது தொடங்கிவிட்டதை அவர் உரைக்கிறார். புலிகள் 1986-இல் டெலோ உறுப்பினரைக் கொன்றதையும், 1990 அக்டோபரில் வடக்கின் முஸ்லிம்களை வெளியேற்றியதையும் போர்க்காலப் பிறழ்வு என்று ஒதுக்குவோர்க்கு இப்பகுதி இடர் தரும்.

மகளிர் அரசியல் துறைக்குத் தலைமை தாங்கிய தமிழினி 2015-இல் மறைந்தார். 'ஒரு கூர்வாளின் நிழலில்' மறு ஆண்டு வெளிவந்தது. இறுதிப் போரில் பிள்ளைகளைக் கட்டாயமாகப் படையிற் சேர்த்ததை மனம் நொந்து எழுதுகிறார். சிறையும் புனர்வாழ்வு முகாமும் கண்டு, அந்நாட்டிலேயே வாழ்ந்தவர் அரசுப் படையின் கொடுமைகளை எவ்வளவு எழுதியிருக்க முடியும் என்றும் நாம் கேட்கவேண்டும். நூலிற் பிறர் கை புகுந்தது என்ற வாதமும் உண்டு. பாடத் திறனாய்வு பயின்றோர்க்கு இத்தகைய வினா புதிதன்று.

இவர்கள் எழுதியவை களத்திற்கு வெளியிலிருந்தோ போர் ஓய்ந்த பின்னரோ வந்தவை. கிறிஸ்தவக் குடும்பத்திற் பிறந்து, சிலகாலம் புலிகளோடு நின்று விலகிய டாக்டர் ராஜனி திராணகம, யாழ்ப்பாணத்திலேயே இருந்து, மூவருடன் சேர்ந்து 'முறிந்த பனை' நூலை எழுதினார். இலங்கை அரசு, இந்தியப் படை, இயக்கங்கள் எவரையும் அது விட்டுவைக்கவில்லை. 1989 செப்டம்பர் 21 அன்று மிதிவண்டியில் வீடு திரும்புகையில் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். நூல் அச்சாகி வந்தது 1990-இல்.