சூரியப் புயலும் கியூபெக் மின்தடையும்
சூரியனிலிருந்து வெடித்துக் கிளம்பும் காந்தமேறிய மின்ம வாயு பூமியின் காந்தப்புலத்தை உலுக்குவதே சூரியப் புயல். அது விளைவிக்கும் சேதத்தைப் புயலின் வலு மட்டும் தீர்மானிப்பதில்லை; தாக்கப்படும் கருவி எங்கே, எப்படி அமைந்திருக்கிறது என்பதும் அதே அளவுக்குத் தீர்மானிக்கிறது. கனடாவின் கியூபெக் மாகாணம் இதற்குத் தெளிவான சான்று. 1989 மார்ச் 13 அதிகாலை 2.44 மணிக்கு, காந்தப்புல மாற்றம் தூண்டிய மின்னோட்டம் அங்கே நீண்ட உயரழுத்தக் கம்பிகளில் புகுந்தது. அப்பகுதியின் பழம்பாறை மின்சாரத்தை எளிதில் கடத்தாது. ஆகவே மின்னோட்டம் கம்பிகளையே வழியாக்கிக்கொண்டு மின்மாற்றிகளில் இறங்கியது. அவற்றின் இரும்பு உள்ளகம் காந்தத்தால் நிறைந்து திணற, மின்னழுத்தத்தைச் சீராக்கும் ஏழு ஈடுசெய் கருவிகள் அடுத்தடுத்துத் தாமே அணைந்தன. சுமார் 90 நொடிகளில் மின்கட்டமைப்பு சரிந்தது. 60 லட்சம் பேர் சுமார் ஒன்பது மணி நேரம் இருளில் இருந்தனர்.

இது துருவத்தை அண்டிய நாடுகளின் சிக்கல், அதுவும் அரிய பெரும்புயலின்போது மட்டும் என்று வாதிடுவோர் உண்டு. மின்கட்டமைப்பைப் பொறுத்தவரை அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் 2022 பிப்ரவரியில் வந்தது சிறு புயல்தான். அது மேல்வளிமண்டலத்தைச் சூடேற்றி விரிவடையச் செய்ததில், செயற்கைக்கோள்கள் பறக்கும் உயரத்தில் காற்று அடர்ந்து இழுவை கூடி, புதிதாக ஏவப்பட்ட 49 ஸ்டார்லிங்க் செயற்கைக்கோள்களில் 38 அழிந்தன. மாறாக, 2024 மே மாதப் பெரும்புயலை மின்கட்டமைப்புகள் தாங்கின. அமெரிக்க வயல்களிலோ ஜி.பி.எஸ். பிழையால் டிராக்டர்கள் விதைப்பின் நடுவே நின்றன. அந்த மின்தடைக்குப் பின் கியூபெக் தன் நீண்ட கம்பிகளில் தொடர் மின்தேக்கிகளைப் பொருத்தி, புயல் தூண்டும் மின்னோட்டத்தின் பாதையை அடைத்துவிட்டது. செயற்கைக்கோளை நம்பும் கருவிகளுக்கு அவ்வளவு எளிய அடைப்பு இல்லை.